டிஜிட்டல் தளங்கள் பொழுதுபோக்கை எப்படி மாற்றியிருக்கின்றன? எங்கள் ஊர்க் கூத்தை வைத்து ஒரு பதில்

இந்தக் கேள்விக்குப் பெரும்பாலோர் சினிமாவைத்தான் எடுத்துக்காட்டுவார்கள். 2020 மே மாதம் ‘பொன்மகள் வந்தாள்’ திரையரங்குக்கே வராமல் அமேசான் பிரைமில் வெளியானதும், திரையரங்க உரிமையாளர்கள் அதை எதிர்த்ததும் பலருக்கும் நினைவிருக்கும். கடலூர் மாவட்டத்தில், பண்ருட்டிக்குப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் வளர்ந்த எனக்கு அதைவிடப் பெரிய மாற்றம் தெருக்கூத்தில்தான் தெரிகிறது.

எங்கள் ஊர்த் திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவில் பகலில் பாரதம் படிப்பார்கள். இரவு பத்து மணிக்குமேல் தொடங்கும் கூத்து விடியும்வரை நடக்கும். சிறுவயதில், கட்டியக்காரன் வந்து சிரிக்க வைத்துவிட்டுப் போனதும் நான் பாயில் சுருண்டுவிடுவேன். துச்சாதனன் திரௌபதியின் சேலையைப் பற்றும் நேரத்துக்குப் பாட்டி உலுக்கி எழுப்புவார். இப்போது அதே கூத்து யூடியூபில் நேரலையாக ஓடுகிறது. சிங்கப்பூரில் இருக்கும் என் தம்பி, துகிலுரியும் காட்சி எந்த இடத்தில் வருகிறது என்று கருத்துப் பகுதியில் யாரோ குறித்துவைத்திருப்பதைப் பார்த்து நேராக அங்கே தாவிவிடுகிறான். தூங்கி விழித்துப் பார்ப்பதும் கூத்தின் ஒரு பகுதிதான் என்று அவனுக்குச் சொல்லிப் புரியவைக்க முடியவில்லை.

விளம்பர வருமானத்துக்கு 1000 சந்தாதாரர்களும், முழுநீளக் காணொளிகள் 12 மாதங்களில் 4000 மணி நேரம் பார்க்கப்பட்டிருப்பதும் யூடியூப் வைத்திருக்கும் வழிகளில் ஒன்று. எட்டு மணி நேரக் கூத்தை 500 பேர் முழுதாகப் பார்த்தாலே அந்த 4000 வந்துவிடும். திருவிழாக்காலத்தில் கேமராவும் முக்காலியுமாகப் படம் பிடிக்க ஊர் ஊராக வருபவர்களுக்கு இந்தக் கணக்கு நன்றாகவே தெரியும். ஆனால் எங்கள் ஊரில் அந்த வருமானம் படம் பிடித்தவருக்கே போனது. விடிய விடிய அடவு போட்ட ஜமாவுக்கு, அதாவது கூத்துக் குழுவுக்குக் கிடைத்தது பேசிய கூலியும் மொய்யும் மட்டுமே. (அந்த மொய்யும் இப்போது வெளிநாட்டிலிருந்து ஜிபேயில் வருகிறது, கர்ணன் உயிர்விடும் நேரத்தில் பாட்டை நிறுத்தி, அனுப்பியவர் பெயரை வாசிக்கிறார்கள்.)

இதை ஜமாவின் ஹார்மோனியக்காரரிடம் ஆதங்கத்தோடு சொன்னேன். அவர் வேறு மாதிரி பேசினார்: “வீடியோவப் பாத்துட்டுதாம்பா பாண்டிச்சேரிப் பக்கம் ரெண்டு ஊர்ல தாம்பூலம் வெச்சாங்க.” (தாம்பூலம் வைப்பது என்றால் கூத்துக்கு ஜமாவைப் பேசி முடிப்பது.) இந்த ஆண்டு கூலி பேசும்போதே, கூத்து முடியும்வரை ஜமாவின் தொலைபேசி எண் திரையின் அடியில் ஓட வேண்டும் என்று ஜமாக்காரர்கள் நிபந்தனை வைத்தார்கள். ஊர்ப் பெரியவர்களும் ஒத்துக்கொண்டார்கள்.