ஒரு கிலோ இறாலில் எத்தனை கிராம் இறால்?

இந்த முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் இறால், கணவாய், நண்டு வாங்கிப் பொரித்தவர்களுடையவை. நீளமானவற்றைச் சுருக்கியிருக்கிறேன்.

கேள்வி: சுப்பர் மார்க்கெட்டில் வளையமாக வெட்டிய உறைந்த கணவாய் வாங்கி, வீட்டில் ஹொட் பட்டர் கணவாய் செய்தேன். மா கழன்று எண்ணெயில் மிதந்தது. எண்ணெய் தெறித்துக் கையெல்லாம் சுட்டுவிட்டது. கணவாய் ரப்பர் போல இழுத்தது. பிழை மாவிலா, எண்ணெயிலா? (வத்தளை வாசகி)

பதில்: இரண்டிலும் இல்லை. நீங்கள் காசு கொடுத்துத் தண்ணீர் வாங்கி, அதைக் கொதிக்கும் எண்ணெயில் போட்டிருக்கிறீர்கள். உங்கள் கைப்பக்குவத்தைக் குறை சொல்லிக்கொள்ள வேண்டாம்.

இது என் நெடுநாள் ஆதங்கம், கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். உறைந்த கணவாய்க்கும் இறாலுக்கும் மேலே மெல்லிய ஐஸ் பூச்சு ஒன்று கொடுப்பார்கள். குளிர்காற்றுப் பட்டுச் சதை காய்ந்து வெளிறாமல் இருக்கத்தான் அது. அதில் தவறே கிடையாது. அந்த ஐஸையும் இறாலின் விலைக்கு நிறுத்துத் தருவதுதான் தவறு. கோடெக்ஸ் என்ற சர்வதேச உணவு நியமங்களில் உறைந்த இறாலுக்கானதன்படி, பொதியில் எழுதும் தேறிய நிறையில் ஐஸ் பூச்சு சேரக்கூடாது. ஒரு கிலோ என்று எழுதினால் உள்ளே ஒரு கிலோ இறால் இருக்க வேண்டும்.

சென்ற வருடம் நான் வாங்கிய ஒரு கிலோப் பொதியில் இருந்தது 690 கிராம். விருந்துக்கு ஆட்கள் வந்து உட்கார்ந்திருந்தார்கள், தாச்சியில் பாதிதான் தேறியது. பற்றுச்சீட்டை ஏற்கெனவே எறிந்துவிட்டதால் கடையில் போய் நின்று பேச முடியவில்லை. அந்தக் கோபம் இன்னும் எனக்கு ஆறவில்லை.

நிறுத்துப் பார்ப்பதற்கும் ஒரு முறை இருக்கிறது. முழுதாகக் கரைய விட்டு நிறுத்தால், குறைந்தது இறாலின் சொந்த நீர் என்று கடைக்காரர் சொல்லிவிடுவார். அதனால் உறைந்தபடியே வடிதட்டில் போட்டு, குளிர்ந்த குழாய்த் தண்ணீரில் மேல் ஐஸ் மட்டும் போகும்வரை அலசுங்கள். இரண்டு நிமிடம் வடிய விட்டு உடனே நிறுங்கள். அதைத் தொலைபேசியில் படம் எடுத்து வையுங்கள்.

ஐஸ் போனாலும் தண்ணீர் போய்விடாது. சில உற்பத்தியாளர்கள் பொஸ்பேற் உப்புக் கரைசலில் ஊற வைக்கிறார்கள். சதை நீரை உறிஞ்சிப் பளபளவென்று உப்பி நிற்கும். பொதியின் சேர்பொருள் பட்டியலில் 450, 451, 452 என்ற எண்களில் ஒன்று இருந்தால் அதுதான். அப்படி ஊறியது தாச்சியில் பட்டதும் வெள்ளை நுரையாக நீர் விடும், மா ஒட்டாது. கணவாய், உப்பு என்று மட்டும் எழுதிய பொதியைத் தேடுங்கள். அதைவிட நல்லது சந்தையில் முழுக் கணவாயாக வாங்கி நீங்களே வெட்டுவது.

இனிச் சமையல். முதல்நாள் இரவே குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில், வடிதட்டில் வைத்துக் கரைய விடுங்கள். பருத்தித் துணியில் ஒற்றி ஒற்றி ஈரம் எடுங்கள். பொறுமையாகச் செய்யவேண்டிய வேலை இது ஒன்றுதான். கோதுமை மாவும் சோளமாவும் சரிபாதி, உப்பு, மிளகுதூள், ஐஸ் தண்ணீர் விட்டுத் தோசைமா பதத்தில் கரையுங்கள். எண்ணெய் 180 பாகையில் இருக்கும்போது ஒரு தடவைக்கு ஒரு கைப்பிடிதான் போடவேண்டும். ஒன்றரை நிமிடம், கூடினால் இரண்டு. அதற்கு மேல் விட்டால் எவ்வளவு நல்ல கணவாயும் ரப்பர்தான். வேறு தாச்சியில் பட்டரை உருக்கி, நறுக்கிய உள்ளி, இடித்த செத்தல் மிளகாய், வெங்காயத்தாள் போட்டு, பொரித்ததைக் கொட்டி இரண்டு பிரட்டு பிரட்டி உடனே பரிமாறுங்கள்.

கேள்வி: மாவில் தோய்த்த கணவாயை எயார் ஃபிரையரில் செய்யலாமா? (தெஹிவளை)

பதில்: முடியாது. ஈர மா தட்டின் ஓட்டை வழியே ஒழுகிவிடும்.

கேள்வி: மகன் வெளிநாட்டிலிருந்து வருகிறான் என்று களப்பு நண்டு இரண்டு கிலோ வாங்கினேன். தடித்த சணல் கயிற்றால் கட்டி, ஈரத்தோடு நிறுத்துத் தந்தார்கள். வீட்டில் உடைத்தால் மூன்று நண்டில் தண்ணீர்தான் இருந்தது. எனக்கு 70 வயது. தராசில் எழுதியதும் கண்ணுக்குத் தெரியவில்லை. (நீர்கொழும்பு)

பதில்: அம்மா, வாசித்ததும் மனம் கனத்துவிட்டது. பிள்ளைக்கென்று ஆசையாக வாங்கப் போனவரிடம் கயிற்றுக்கும் காசு வாங்கியிருக்கிறார்கள். கண் தெரியாதது உங்கள் குற்றமில்லை. வாடிக்கையாளருக்குத் தெரியும்படி நிறுப்பது வியாபாரியின் கடமை.

வெறும் நண்டு எப்படி வருகிறது என்றால், நண்டு ஓடு கழற்றியதும் புது ஓட்டுக்குள் முதலில் தண்ணீரை நிரப்பித்தான் உடம்பைப் பெருப்பித்துக்கொள்ளும். சதை பிடிக்க நாட்கள் செல்லும். அப்படிப்பட்ட நண்டின் அடிப்பக்கத்தைக் கால்கள் சேரும் இடத்தில் விரலால் அழுத்தினால் உள்ளே போகும். சதை பிடித்த நண்டு கல்லு மாதிரி நிற்கும், கையில் எடுத்தால் பருமனை விடக் கனமாக இருக்கும். அடுத்த முறை அக்கம்பக்கத்துப் பிள்ளை யாரையாவது கூட்டிக்கொண்டு போங்கள். கயிற்றைக் கழற்றி நிறுக்கச் சொல்லுங்கள். கடித்துவிடும் என்று மறுத்தால், அதே அளவு கயிற்றைத் தனியாக நிறுத்துக் கழிக்கச் சொல்லுங்கள். இரண்டுக்கும் சம்மதிக்காதவரிடம் வாங்க வேண்டாம்.

வியாபாரத் தராசுகளை ஆண்டுதோறும் அளவீட்டு அலகுகள், நியமங்கள் மற்றும் சேவைகள் திணைக்களம் சரிபார்த்து முத்திரை இட வேண்டும். அந்த முத்திரையைக் காட்டச் சொல்லிக் கேட்பது உங்கள் உரிமை. நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையின் 1977 என்ற இலக்கத்துக்கும் மகனை அழைக்கச் சொல்லுங்கள். எழுத்து முறைப்பாடு என்றால், வாங்கிய நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் கொடுக்க வேண்டும்.

கேள்வி: காலை ஏழு மணிக்குச் சிலாபத்தில் இறால் வாங்கி, காரின் பின்பெட்டியில் வைத்து, ஒரு கலியாணத்துக்குப் போய்விட்டு மூன்று மணிக்குக் கொழும்பு வந்தேன். இறால் மணக்கிறது. விற்றவர் காசைத் திருப்பித் தருவாரா? (கொட்டாஞ்சேனை)

பதில்: ஏன் தர வேண்டும்? எட்டு மணித்தியாலம் ஐஸ் இல்லாமல் காருக்குள் வைத்தது நீங்கள். எறிந்துவிடுங்கள், பொரித்தால் சரியாகிவிடும் என்று பிள்ளைகளுக்குக் கொடுத்துவிடாதீர்கள்.

கேள்வி: காலையில் வாங்கிய இறாலின் தலை மாலைக்குள் கறுத்துவிட்டது. பழையதை விற்றுவிட்டார்களா? (குருநகர்)

பதில்: கறுப்பை மட்டும் வைத்து அப்படிச் சொல்ல முடியாது. இறாலின் உடம்பிலுள்ள ஒரு நொதியம் காற்றுப் பட்டால் செய்யும் வேலை அது, வெட்டிய கத்தரிக்காய் கறுப்பது போலத்தான். மூக்கை நம்புங்கள். கடல் மணம் இருந்தால் சரி, மூக்கில் ஏறும் அமோனியா நெடி வந்தால் வேண்டாம். தலை தானாகக் கழன்றாலும் வேண்டாம்.

இதற்கு மறுபக்கமும் உண்டு. கறுக்காமல் இருக்கச் சல்பைற்றுத் தூள் போடுவார்கள். கோடெக்ஸ் நியமத்தில் பச்சை இறாலுக்கு கிலோவுக்கு 100 மில்லிகிராம் வரைதான் இடமுண்டு. வீட்டில் ஆஸ்துமா உள்ளவர்கள் இருந்தால், பல நாளாகியும் ஒரு புள்ளி கூடக் கறுக்காத இறாலிடம் கவனமாக இருங்கள்.

கேள்வி: காலிமுகத்திடலில் விற்பது போல இறால் வடை செய்யப் பெரிய இறால் வாங்கினேன். வடை வெந்தது, இறால் வேகவில்லை. (மட்டக்களப்பு)

பதில்: பெரிய இறாலுக்குக் கொடுத்த காசு வீண். அந்த வடையில் தலையும் ஓடும் போகாத சின்ன இறால்தான் வைப்பார்கள். ஓடு மொறுமொறுவென்று பொரிய வேண்டும், ருசியே அதில்தான். பருப்பை ஊறவைத்து நன்றாக வடித்து, பாதியை ஒன்றிரண்டாக அரைத்து, மெல்லிய தட்டையாகத் தட்டி, இறாலை மேலே அழுத்துங்கள். பெரிய இறாலைப் பிரட்டலுக்கு வையுங்கள். முழு இறால் ஒரு கிலோ வாங்கினால், தலையும் ஓடும் போக அரைக் கிலோ அளவில்தான் சதை கிடைக்கும். உரித்த இறாலின் விலையை அந்தக் கணக்கோடு ஒப்பிட்டு வாங்குங்கள்.

கேள்வி: சிறிய மின்சாரப் பொரிக்கும் இயந்திரம் தள்ளுபடியில் வருகிறது. வாங்கலாமா? (வவுனியா)

பதில்: நான் வாங்கி நட்டப்பட்டேன். ஒரு லீற்றர் எண்ணெய்தான் பிடிக்கும். ஆறு துண்டு இறால் போட்டதும் சூடு இறங்கிவிடும், திரும்ப ஏறுவதற்குள் இறால் எண்ணெய் குடித்துவிடும். இரண்டு மாதம் பாவித்து அலமாரியில் வைத்துவிட்டேன். அந்தக் காசுக்குக் கனமான இரும்புத் தாச்சியும் எண்ணெய்க்கான வெப்பமானியும் வாங்கலாம்.

கேள்வி: மலிவாகப் பட்டர் வாங்கினேன். உருக்கினால் தண்ணீராகத் தெறிக்கிறது, வாசமே இல்லை. பொதியின் படம் அனுப்பியுள்ளேன். (கண்டி)

பதில்: படத்தில் பெரிய எழுத்தில் 'ஃபெட் ஸ்பிரெட்' என்று இருக்கிறதே. வாங்கும்போது அதை வாசித்திருக்க வேண்டாமா? பட்டர் என்றால் குறைந்தது 80 சதவீதம் பாற்கொழுப்பு. நீங்கள் வாங்கியது பாணில் பூசத்தான் உதவும்.

கேள்வி: இறால் பொரிக்கப் போத்தலில் அளந்து தரும் தேங்காயெண்ணெய் போதுமா? (மாத்தளை)

பதில்: 2021 மார்ச்சில் இறக்குமதியான தேங்காயெண்ணெயில் அஃப்லாடொக்சின் நஞ்சு பிடிபட்டது நினைவிருக்கும். பெயரும் திகதியும் இல்லாத எண்ணெயில் எதைக் கண்டுபிடித்தாலும் யாரிடம் போய்க் கேட்பீர்கள்? முத்திரையிட்ட போத்தலாக வாங்குங்கள். இறால் பொரித்த எண்ணெயை வடித்து, அடுத்த நாள் மீன் பொரியலோடு முடித்துவிடுங்கள்.

கேள்வி: வயிற்றில் முட்டையோடு சிங்கி இறால் பாதி விலைக்குத் தருகிறார் ஒருவர். முட்டையைக் கழுவிவிட்டால் சாதாரண இறால்தானாம். (அம்பாந்தோட்டை)

பதில்: வாங்காதீர்கள். முட்டை சுமக்கும் சிங்கி இறாலைப் பிடிப்பதும் விற்பதும் சட்டப்படி தடை. பாதி விலைக்கு வருவதே அதனால்தான். அவர் இன்னும் அங்கேயே விற்றுக்கொண்டிருந்தால் கடற்றொழில் பரிசோதகரிடம் சொல்லுங்கள்.