நார்கோலெப்சி: கனவா, நடந்ததா? கேள்வி பதில்

கேள்வி: அண்ணா, கரண்ட் பில் கட்டியாச்சு என்றே இருந்தேன். கவுன்ட்டரில் சில்லறை வாங்கியதுகூட ஞாபகம். லைன்மேன் ஃபியூஸைப் பிடுங்க வந்தபோதுதான் அது கனவென்று தெரிந்தது. எனக்கு மனநோயா?

பதில்: இல்லை தம்பி. பகலில் அடக்க முடியாமல் தூக்கம் வரும் நரம்பு நோயான நார்கோலெப்சி நம்மைப் போன்றவர்களுக்குச் செய்யும் வேலை இது. 2014இல் வந்த ஓர் ஆய்வில், கனவை நிஜமென்று நம்பியதாக நார்கோலெப்சி உள்ளவர்களில் 83 சதவீதம் பேர் சொன்னார்கள். மற்றவர்களில் 15 சதவீதம்தான். கனவு மிகுந்த ரெம் தூக்கம் மற்றவர்களுக்கு வர ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். நமக்குப் பல நேரம் தூங்கிய கால் மணி நேரத்துக்குள்ளேயே வந்துவிடும். விழிப்பை நிலைநிறுத்தும் ஒரெக்சின் என்ற ரசாயனம் மூளையில் குறைந்துபோவதுதான் பெரும்பாலும் காரணம். பறப்பதாகக் கனவு வந்தால் குழப்பமில்லை. பால் பாக்கெட் வாங்கியது, லீவு சொன்னது என்று வருவதுதான் ஆளைக் கவிழ்க்கும். பணம், மாத்திரை, பேச்சு மூன்றுக்கும் நான் ஞாபகத்தை நம்புவதில்லை. ரசீது, கிழமை போட்ட மாத்திரை டப்பா, போனில் அழைப்புப் பட்டியல் பார்ப்பேன். சண்டை போட்டதாகத் தோன்றினால், கோபப்படும் முன் "நேற்று நாம் பேசினோமா?" என்று மனைவியிடம் கேட்டுவிடுவேன். டாக்டரிடம் இதை மறைக்காதீர்கள். மனச்சிதைவு என்று தவறாக மருந்து வாங்கியவர்கள் உண்டு. பைக் வேண்டாம்.

கேள்வி: சிரித்தால் முழங்கால் தொய்கிறது. வலிப்பா?

பதில்: நினைவு தப்பவில்லை என்றால் கேட்டப்ளெக்சியாக இருக்கலாம். சிரிப்பு போன்ற உணர்ச்சி வரும்போது தசை திடீரென்று தளர்வது அது, நார்கோலெப்சியோடு வரும். நரம்பியல் மருத்துவரைப் பாருங்கள். அதுவரை பைக், கிணற்றடி, நீச்சல் வேண்டாம்.

கேள்வி: பகலில் தூக்கம் வருகிறது. எனக்கும் நார்கோலெப்சியா?

பதில்: இதையே பலர் கேட்டுவிட்டீர்கள். இரவில் எத்தனை மணி நேரம் தூங்குகிறீர்கள், குறட்டை உண்டா என்று முதலில் பாருங்கள். இரவுத் தூக்கப் பரிசோதனையும் மறுநாள் பகல் தூக்கப் பரிசோதனையும் செய்யாமல் யாரும் சொல்ல முடியாது.

கேள்வி: மகளை ராத்திரியில் அமுக்குவான் பேய் அமுக்குகிறது. பகலில் வகுப்பிலும் தூங்கிவிடுகிறாள். தலையணைக்கடியில் இரும்பு வைக்கலாமா?

பதில்: வேண்டாம் அம்மா. ரெம் தூக்கத்தில் உடம்பு அசையாமல் கட்டுண்டு கிடக்கும். கட்டு அவிழும் முன் கண் திறந்தால் இப்படித்தான். நோயில்லாதவர்களுக்கும் எப்போதாவது வரும். ஆனால் வகுப்பிலும் தூங்குகிறாள் என்பதால் பரிசோதனை அவசியம்.

கேள்வி: எங்கள் பாட்டி அதைக் கண்ணால் பார்த்தவர். நம்பாதவர்கள் பேசக் கூடாது.

பதில்: பார்த்தார் என்பதை நான் மறுக்கவில்லை. கதவோரம் நிற்பவனை நானும் பார்த்திருக்கிறேன். வேட்டிக் கரை வரை தெரியும். மந்திரிப்பவரைத் தேடி அலையும் மாதங்களில் அந்தப் பிள்ளை பரீட்சை ஹாலில் தூங்கி விழுவாள். அதைத்தான் பொறுக்க முடியவில்லை.

கேள்வி: மாத்திரை நன்றாக வேலை செய்கிறது. நிறுத்தலாமா?

பதில்: நீங்களாக நிறுத்தவே கூடாது. சில மாத்திரைகளைச் சட்டென்று விட்டால் கேட்டப்ளெக்சி முன்பைவிட மோசமாகத் திரும்பும்.

கேள்வி: பக்கத்துக் கடைக்கு மட்டும் பைக்கில் போகலாமா?

பதில்: நடந்து போங்கள்.