ரென் ஓசுகி: கேள்வி பதில்

கேள்வி: அண்ணா, 'ஆடிஷன்' படத்தில் சாக்குமூட்டைக்குள் கிடப்பவரும் 'ஹானாபி'யில் சக்கர நாற்காலியில் வருபவரும் ஒரே ஆளா?

பதில்: ஒரே ஆள்தான், ஜப்பானிய நடிகர் ரென் ஓசுகி. 'ஹானாபி' 1997, தகேஷி கிடானோ எடுத்தது. 'ஆடிஷன்' 1999, தகாஷி மீகே எடுத்தது. நடுவில் கியோஷி குரோசாவாவின் 'கியூர்' படத்திலும் இருக்கிறார். 'முன்னூறு முகம் கொண்டவர்' என்று ஜப்பானில் அவருக்குப் பெயரே உண்டு.

கேள்வி: ஆபாசப் படங்களில் நடித்துத்தான் மேலே வந்தார் என்கிறார்களே?

பதில்: 1980-இல் பன்மேய் தகாஹாஷியின் பிங்க் படம் ஒன்றில்தான் திரைக்கு வந்தார். அது உண்மை. ஆனால் அதற்கு முன்பே ஷோகோ ஓட்டாவின் தென்கெய் கெக்கிஜோ நாடகக் குழுவில் இருந்தார். வசனமே இல்லாத நாடகங்களுக்குப் பேர்போன குழு அது. மேடையில் சில அடி தூரம் நடக்கவே பல நிமிடம் எடுத்துக்கொள்வார்கள்.

பிங்க் படம் என்பது சின்னக் கம்பெனிகள் தியேட்டருக்காகவே எடுத்த, ஏறத்தாழ ஒரு மணி நேர ஆபாசப் படம். சில நாட்களில் ஷூட்டிங் முடிந்தாக வேண்டும். ஃபிலிம் ரோலுக்குக் காசு போவதால் ரீடேக் கேட்க முடியாது. குரலைப் பெரும்பாலும் பிறகுதான் சேர்ப்பார்கள். ஆகவே கேமரா ஓடும்போது முகமும் உடம்பும்தான் வேலை செய்ய வேண்டும். மேடையில் மெளனம் பழகியவருக்கு அது கைவந்த கலை. அவரை உருவாக்கியது இந்த இரண்டும் சேர்ந்ததுதான் என்பது என் உறுதியான கருத்து.

கேள்வி: அந்தப் படங்களில் ஒன்றே ஒன்று பார்ப்பதென்றால்?

பதில்: இயக்குநர் மசாயுகி சுவோவின் முதல் படம், 1984. பழைய ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் பாணியில், தரையோடு தரையாக வைத்த அசையாத கேமரா. ஓசுவின் ஆஸ்தான நடிகர் சிஷூ ரியூ போலவே ஓசுகி வயதான அப்பாவாக வருகிறார். அப்போது அவருக்கு வயது 32! பெரியவர்களுக்கான படம், வீட்டில் எல்லோரோடும் உட்கார்ந்து பார்க்காதீர்கள்.

கேள்வி: 'ஹானாபி'யில் சும்மா உட்கார்ந்துதானே இருக்கிறார்? அதில் என்ன நடிப்பு?

பதில்: பூக்கடைக் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். சுடப்பட்டு இடுப்புக்குக் கீழே செயலிழந்த போலீஸ்காரர். மனைவியும் மகளும் விட்டுப் போய்விட்டார்கள். கடை வாசலில் நாற்காலியை நிறுத்திப் பூக்களைப் பார்க்கிறார். பூவைக் காட்டிவிட்டு உடனே ஓர் ஓவியம், மறுபடி பூ, மறுபடி ஓவியம் என்று காட்சி மாறி மாறி வருகிறது: பூவையே தலையாகக் கொண்ட மிருகங்கள். அவை கிடானோவே 1994 பைக் விபத்துக்குப் பிறகு வரைந்தவை. ஓவியம் அந்த மனிதரின் மனசுக்குள் தோன்றுகிறது என்று நாம் நம்புவதற்கு ஒரே ஆதாரம் ஓசுகியின் முகம்தான். அவர் கண்ணைக் கொஞ்சம் கூடுதலாக உருட்டியிருந்தால் காட்சியே கெட்டுப்போயிருக்கும்.

கேள்வி: எந்த வரிசையில் பார்க்கலாம்?

பதில்: 'சொனடீன்' (1993), 'ஹானாபி', 'கியூர்'. அப்புறம் சுவோ படம். 'ஆடிஷன்' கடைசியில். அதில் நாக்கும் பாதங்களும் வெட்டப்பட்டவராக வருகிறார். முதலில் அதைப் பார்த்தால் அதிர்ச்சிதான் நிற்கும், ஆள் மனசில் பதிய மாட்டார்.

கேள்வி: கடைசியாக என்ன செய்தார்?

பதில்: கடைசியாக நாயகனாக நடித்த படம் 'கியோகைஷி'. மரண தண்டனைக் கைதிகள் ஆறு பேரைச் சந்தித்துப் பேசும் சிறைப் பாதிரியார் வேடம். பெரும்பகுதி ஒரே அறைக்குள், எதிரே இருப்பவர் பேசுவதைக் கேட்டுக்கொண்டிருக்கிறார். தயாரிப்பிலும் அவருக்குப் பங்குண்டு. 2018 பிப்ரவரியில் 66 வயதில் காலமானார். படம் அதே ஆண்டு அக்டோபரில் வெளியானது.