உச்சிவேளை வரவேற்பு: விடுதியில் நடத்துவோர் கேட்ட சில கேள்விகள்

கேள்வி: எங்கள் மகளின் திருமணம் தை மாதம் திருப்பரங்குன்றம் கோயிலில் அதிகாலை முகூர்த்தத்தில் நடக்கிறது. அன்றே மதுரை நகரில் ஒரு தங்கும் விடுதியின் சிறிய அரங்கில் வரவேற்பையும் முடித்துவிட எண்ணுகிறோம். எத்தனை மணிக்குத் தொடங்கலாம்? (திருமங்கலம் வாசகி)

பதில்: பதினொரு மணி பொருத்தமான நேரம். முகூர்த்தம் முடிந்து, காலைப் பலகாரம் உண்டு, உறவினர் அனைவரும் நகருக்குள் வந்து சேர எட்டரை ஆகிவிடும். மூன்று மணிக்கே எழுந்து அலங்காரத்திற்கு உட்கார்ந்த உங்கள் மகளுக்கு அதன்பின் கதவைச் சாத்திக்கொண்டு இரண்டு மணி நேரமாவது படுத்திருக்க ஓர் அறை வேண்டும். அந்த ஓய்வைக் கொடுக்காமல் மேடையேற்றினால் அந்தச் சோர்வு எல்லாப் படங்களிலும் தெரியும். அழைப்பிதழில் தொடங்கும் நேரத்தோடு முடியும் நேரத்தையும், அதாவது 11 முதல் 2.30 வரை என்று, அச்சிடுங்கள். முடியும் நேரம் இல்லாவிட்டால் எல்லோரும் சாப்பாட்டு வேளையைக் கணக்கிட்டுப் பன்னிரண்டரைக்கு ஒன்றாக வந்து சேர்வார்கள். வெள்ளிக்கிழமையாக இருந்தால் 10.30 முதல் 12 வரை ராகுகாலம் என்பதால், 10.15-க்கே மணமக்களை மேடையில் அமர்த்திவிடுங்கள். பெரியவர்களுக்கு மனக்குறை இராது.

கேள்வி: விடுதியைப் பேசி முடிக்கும்போது வாடகையைத் தவிர வேறு எதைக் கேட்டுக்கொள்ள வேண்டும்? (மேலூர் வாசகர்)

பதில்: முதலில் அறையைக் காலி செய்யும் நேரத்தைக் கேளுங்கள். பகல் வரவேற்பில் மற்ற எல்லாவற்றையும்விட இதுவே அதிகத் தொல்லை தருவது. சில விடுதிகளில் நண்பகல் பன்னிரண்டு மணிக்கு அறையை ஒப்படைக்க வேண்டும். சிலவற்றில் நுழைந்த நேரத்திலிருந்து 24 மணி நேரக் கணக்கு. நான் பொறுப்பேற்று நடத்திய ஒரு வரவேற்பில் இந்த ஒன்றைக் கேட்க மறந்துவிட்டேன். முதல் பந்தியில் இலை போட்டுப் பரிமாறிக்கொண்டிருந்தபோது விடுதி ஊழியர்கள் அறை அறையாகக் கதவைத் தட்டத் தொடங்க, வெளியூரிலிருந்து வந்த வயதானவர்கள் சாப்பாட்டைப் பாதியில் விட்டுவிட்டுப் பெட்டிகளைத் தூக்கிக்கொண்டு தாழ்வாரத்தில் நின்றார்கள். அந்தக் காட்சி இன்றும் என் மனத்தை விட்டு அகலவில்லை. 24 மணி நேரக் கணக்குள்ள விடுதியாக இருந்தால், சென்னையிலிருந்து பாண்டியன் எக்ஸ்பிரஸில் விடியற்காலையில் வந்து இறங்குபவர் குளித்து, வரவேற்பில் கலந்துகொண்டு, மாலையில் சற்றுக் கண்ணயர்ந்து, இரவு வண்டியில் திரும்பும்வரை ஒரே நாள் வாடகையில் தங்க முடியும். நண்பகல் கணக்குதான் என்றால், மாலை ஐந்து மணிவரை நீட்டித் தருவதாக முன்பணம் கொடுக்கும்போதே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

அடுத்து, மின்சாரம் நின்றால் ஜெனரேட்டரில் ஏ.சி.யும் ஓடுமா, விளக்கும் மின்விசிறியும் மட்டும்தானா என்று கேளுங்கள். இரவு வரவேற்பில் இது சிறிய சங்கடம். பகல் ஒரு மணிக்குப் பட்டுப்புடவையில் நிற்பவருக்கு இது பெரிய வேதனை. அரங்கு மாடியில் இருந்தால் லிப்ட் அந்தத் தளம்வரை வருகிறதா என்பதை நேரில் ஏறிப் பாருங்கள். மாசி வீதிகளை ஒட்டிய விடுதிகள் ரயில் நிலையத்திலிருந்து நடந்துவரும் தூரத்தில் இருப்பது வசதியே. ஆனால் கிராமத்திலிருந்து வேன்களில் வரும் கூட்டம் அதிகம் என்றால், வண்டி நிறுத்த இடமுள்ள புறவழிச்சாலைப் பக்கமே நல்லது.

கேள்வி: ஏறத்தாழ 300 பேர் வருவார்கள். இலை போட்டுப் பரிமாறுவதா, பஃபே வைப்பதா? ஜிகர்தண்டா கொடுக்க ஆசை, எப்போது கொடுக்கலாம்? (மதுரை வாசகி)

பதில்: மதியச் சாப்பாடு என்றால் இலைதான் என்பது என் உறுதியான எண்ணம். ஆனால் அதற்கு இடக் கணக்குச் சரியாக வர வேண்டும். ஒரு பந்தி உட்கார்ந்து எழுந்து, மேசை துடைத்து, அடுத்த இலை விழ 45 நிமிடம் ஆகும். பன்னிரண்டு மணி முதல் இரண்டரை வரை நிதானமாக மூன்று பந்திகளே நடத்த முடியும் என்பதால், 300 பேருக்கு ஒரே நேரத்தில் 100 பேர் அமரும் கூடம் தேவை. கூடம் சிறியது என்றால் பெரியவர்களுக்கும் குழந்தைகளோடு வருபவர்களுக்கும் இலை, இளையவர்களுக்குப் பஃபே என்று பிரித்துக்கொள்ளலாம். நாற்காலிக்குப் பின்னால் அடுத்த பந்திக்காக ஆட்கள் காத்து நிற்கும் நிலை மட்டும் வரக்கூடாது; விருந்தினருக்கு அது மரியாதை அன்று.

பகல் வெப்பத்தில் தேங்காய் சேர்ந்தவை விரைவில் கெடும். அவியலையும் தயிர்ப் பச்சடியையும் ஒரே தடவையில் செய்து வைக்காமல், பந்திக்குப் பந்தி கலக்கச் சொல்லுங்கள். தயிர்சாதத்தைக் காலையில் பால் நிறைய ஊற்றிச் சிறிதளவே தயிர் விட்டுப் பிசைந்து வைத்தால், உச்சிவேளைக்குப் புளிக்காமல் பதமாக இருக்கும். பிரியாணி போடும் குடும்பம் என்றால் விடுதிச் சமையற்கூடத்தில் அசைவத்திற்கு அனுமதி உண்டா என்று விடுதியைப் பேசி முடிக்கும்போதே உறுதிசெய்யுங்கள்.

ஜிகர்தண்டாவை வரவேற்பு பானமாகக் கொடுக்க வேண்டாம். சுண்டக் காய்ச்சிய பாலும் ஐஸ்கிரீமும் சேர்ந்த அதைக் குடித்தவர் இலையில் உட்கார்ந்தால் கை வைக்க மாட்டார். வாசலில் நீர்மோர் அல்லது நன்னாரி சர்பத் கொடுத்து, சாப்பாடு முடிந்து வெளியே வருபவர்களுக்குச் சிறிய டம்ளரில் ஜிகர்தண்டா கொடுங்கள். பாதாம் பிசினை முதல் நாள் இரவே ஊறவைக்க வேண்டும் என்பதைச் சமையல்காரருக்கு நினைவூட்டுங்கள்.

கேள்வி: மேடை முழுவதும் மல்லிகைச் சரத்தால் அலங்கரிக்க விரும்புகிறோம். முந்தைய நாளே கட்டி வைக்கலாமா? (உசிலம்பட்டி வாசகர்)

பதில்: வேண்டாம். 2013-இல் புவிசார் குறியீடு பெற்ற நம் மதுரை மல்லி, விடியலில் மொட்டாகப் பறிக்கப்பட்டு அன்று மாலையில் விரிவது. முந்தைய நாள் பூ இரவில் மலர்ந்து, உங்கள் வரவேற்பு நேரத்தில் பழுத்துத் தொங்கும். அன்று காலை மாட்டுத்தாவணிச் சந்தைக்கு வரும் மொட்டையே வாங்கிக் கட்டினால், பகல் முழுவதும் முத்துப்போல் வெள்ளையாக நிற்கும். முழு மணம் மாலையில்தான் எழும் என்பதை ஏற்றுக்கொள்ள வேண்டும். முகூர்த்த நாளிலும் பனிக்காலத்திலும் மல்லியின் விலை பலமடங்கு ஏறும். உங்களுடையது தை மாதம் என்றால் மணமகளின் தலைக்கும் மாலைக்கும் மல்லியை வைத்துக்கொண்டு, மேடைக்குச் செவ்வந்தியும் மாவிலைத் தோரணமும் வாழைமரமும் போதும். கண்ணுக்கும் அது நிறைவாகவே இருக்கும்.

கேள்வி: சித்திரைத் திருவிழா சமயத்தில் வரவேற்பு வைத்தால் உறவினர் திருவிழாவையும் பார்க்கலாமே? (திண்டுக்கல் வாசகர்)

பதில்: மீனாட்சி திருக்கல்யாணம் முதல் அழகர் ஆற்றில் இறங்கும் நாள்வரை தவிர்த்துவிடுங்கள். அறைகள் கிடைப்பது அரிது. வீதிகளில் வண்டி நகராது. திருக்கல்யாணத்தன்று நம் வீட்டுப் பெண்கள் தாலிக்கயிறு மாற்றும் வழக்கமும் இருப்பதால் உள்ளூர் உறவினரே வர முடியாமல் தவிப்பார்கள்.

கேள்வி: வரவேற்பு முடிந்ததும் வெளியூர் விருந்தினரை மீனாட்சியம்மன் கோயிலுக்கு அழைத்துச் செல்ல நினைக்கிறோம். நேரம் சரியாக வருமா? (மதுரை வாசகர்)

பதில்: மிக நன்றாக வரும். நடை நண்பகல் பன்னிரண்டரைக்குச் சாத்தப்பட்டு மாலை நான்கு மணிக்குத்தான் திறக்கும் என்பதால், மூன்று மணிக்குச் சாப்பாடு முடிந்தவர்கள் அறையில் ஒரு மணி நேரம் இளைப்பாறிவிட்டுக் கிளம்பட்டும். கோயிலுக்குள் கைபேசிக்கு அனுமதி இல்லை. அவற்றை அறையிலேயே பூட்டி வைத்து, ஒருவரிடம் சாவியைக் கொடுத்துவிடச் சொல்லுங்கள்.