பச்சையாகத் தெரிந்த பாம்பு எது? கடலூர், புதுச்சேரி வட்டாரக் கேள்விகளுக்குப் பதில்

மழை தொடங்கி வேலியும் வயலும் தழைத்ததும் "பச்சையா ஒரு பாம்பு பார்த்தோம், விஷமா?" என்ற கேள்வி வந்துகொண்டே இருக்கும். இந்தச் சமவெளியில் உயிரைப் பறிக்கக்கூடிய நிலப்பாம்புகள் நான்கு: நல்ல பாம்பு, கட்டு விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன். நான்கில் ஒன்றும் இலைப்பச்சை நிறத்தில் கிடையாது. ஆனால் நிறத்தை மட்டும் நம்பி முடிவு கட்டக் கூடாது. மலைக்குப் போனாலும் கடலுக்குப் போனாலும் கணக்கு மாறிவிடும். கேள்விகளுக்கு வருவோம்.

பண்ருட்டியிலிருந்து: வீட்டு முருங்கை மரத்துல மெல்லிசா, நீளமா ஒரு பச்சைப் பாம்பு ரெண்டு நாளா இருக்கு சார். கண்ணைக் கொத்தும்னு அம்மா யாரையும் மரத்துப் பக்கமே விடறதில்லை. விஷப் பாம்பா?

பச்சைப் பாம்பு, கண்கொத்திப் பாம்பு என்று இரண்டு பெயரிலும் சொல்வது இதைத்தான். உறுதி செய்ய மூன்று இடங்களைப் பாருங்கள். முதலில் மூக்கு. நுனி கூர்ந்து, வாயைத் தாண்டி முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும். அடுத்தது கண். பாவை படுக்கைவசத்தில், சாவித் துவாரம் போல இருக்கும். நம் வட்டாரத்தில் வேறு எந்தப் பாம்புக்கும் இப்படி ஒரு கண் இல்லை. கண்ணுக்கு முன்னால் மூக்கு வரை ஒரு பள்ளம் ஓடும். அந்தப் பள்ளம் இருப்பதால் இரண்டு கண்ணாலும் நேர் முன்னே பார்த்து, ஓணானும் தவளையும் எத்தனை தூரத்தில் இருக்கின்றன என்று கணித்துப் பிடிக்க முடிகிறது. மூன்றாவது வயிற்றோரம். இரண்டு பக்கமும் கழுத்திலிருந்து வால் பக்கம் வரை மெல்லிய மஞ்சள் கோடு போகும்.

விஷம் உண்டு, ஆனால் மிதமானது. அதன் விஷப்பல் மேல்தாடையின் பின்பகுதியில் இருக்கிறது. பல்லி, ஓணான், தவளை, சிறு குருவி இவற்றை அடக்கத்தான் அந்த விஷம். மனிதருக்குக் கடித்த இடத்தில் வலி, வீக்கம், அரிப்பு, கொஞ்சம் மரத்துப்போதல் வரலாம். அநேகமாக இரண்டு மூன்று நாளில் தணிந்துவிடும்.

கண்ணைக் குறிவைத்துக் கொத்துவது அதன் வழக்கமல்ல. அது இருப்பது நம் முகத்தின் உயரத்தில். தழைக்குள் இருப்பது தெரியாமல் காய் பறிக்க முகத்தை அருகே கொண்டுபோனால் தற்காப்புக்கு எம்பும், முகத்தில் படும். அதனால் கையால் கிளையை வளைக்காமல் தொரட்டிக் கோலால் காய் பறிக்கச் சொல்லுங்கள், அம்மா தாராளமாக மரத்தடிக்குப் போகலாம். பறிக்கும் முன் கிளையை ஒருமுறை தட்டினால் அதுவே நகர்ந்துவிடும்.

இன்னொன்று. சீண்டினால் வாயை அகலத் திறந்து, உடம்பை ஊதிக் காட்டும். அப்போது செதில்களுக்கு இடையிலுள்ள தோல் கறுப்பும் வெள்ளையுமாகக் கட்டம் போட்டுத் தெரியும். பச்சைப் பாம்பு திடீரென்று விரியனாக மாறிவிட்டது என்று இதைப் பார்த்துத்தான் அடித்துப் போடுகிறார்கள். பாம்பு அதேதான், பயத்தில் ஊதியிருக்கிறது, அவ்வளவுதான்.

கடலூர் முதுநகரிலிருந்து: பச்சைப் பாம்பை உருவிவிட்டா கைமணம் வரும், சமையல் ருசியா இருக்கும்னு பாட்டி சொல்வாங்க. செய்யலாமா?

வேண்டாம். மெல்லிய உடம்பு, இழுத்து உருவினால் விலா எலும்பும் முதுகெலும்பும் அடிபடும். வெளியே காயம் தெரியாது, விட்ட பிறகு இரை பிடிக்க முடியாமல் செத்துப்போகும். உங்கள் கையிலும் கடி படும்.

நெல்லிக்குப்பத்திலிருந்து: முக்கோணத் தலை இருந்தா விஷம்னு படிச்சேன். கண்கொத்திக்கும் தலை முக்கோணமாத்தானே தெரியுது?

அந்த விதியை விட்டுவிடுங்கள். நல்ல பாம்புக்கும் கட்டு விரியனுக்கும் தலை முக்கோணம் இல்லை, இரண்டுமே ஆளைக் கொல்லும். அதே நேரம் ஒன்றும் செய்யாத பல பாம்புகள் பயந்தால் தாடையை விரித்துத் தலையை முக்கோணமாக்கிக் காட்டும். பாவை செங்குத்தாக இருந்தால் விஷம் என்பதும் இதே ரகம்தான். நல்ல பாம்புக்கும் கட்டு விரியனுக்கும் வட்டப் பாவை. செங்குத்துப் பாவை உள்ள பூனைப் பாம்பால் உயிருக்கு ஆபத்தில்லை.

புதுச்சேரி, காலாப்பட்டிலிருந்து: அண்ணா, ராத்திரி வேப்ப மரத்துல மஞ்சளும் பச்சையும் கலந்த நிறத்துல ஒரு பாம்பு. ஒல்லியான கழுத்து, பெரிய கண். டார்ச் அடிச்சா பூனைக் கண் மாதிரி கோடா தெரிஞ்சுது. குழிவிரியனா?

நீங்கள் சொல்வது பூனைப் பாம்பு வகையோடு பொருந்துகிறது தம்பி. மஞ்சள் கலந்த பச்சை நிறப் பூனைப் பாம்பை, கிழக்குத் தீபகற்ப இந்தியாவின் வறண்ட காடுகளில் வாழும் தனி இனமாக 2013இல்தான் விவரித்தார்கள். உடம்பு பக்கவாட்டில் அழுந்தி மெலிந்திருக்கும், வால் நீளம், உச்சந்தலையில் பெரிய பெரிய தகடுகள். மலையில் வாழும் பச்சை விஷப் பாம்பான குழிவிரியனுக்கு உடம்பு தடிப்பு, உச்சந்தலை முழுக்கப் பொடிச் செதில்கள். டார்ச் வெளிச்சத்தில் நிறம் மாறித் தெரியும் என்பதால் இரவில் நிறத்தைவிட உடம்பின் வடிவத்தைக் கவனியுங்கள்.

பாகூரிலிருந்து: வயல் கிணத்துல ஒரு பாம்பு நீந்துது. முதுகு பாசிப்பச்சை, கோடு, புள்ளி எதுவும் இல்லை. வயிறு மஞ்சள். மோட்டார் போட இறங்கவே பயமா இருக்கு.

இது ஆலிவ் நிறத் தண்ணீர்ப் பாம்பு. விஷமில்லை. நாசித் துவாரம் மூக்கின் மேல்பக்கமாக இருப்பதால் தலையில் கொஞ்சம் மட்டும் வெளியே நீட்டி மூச்சு விடும். மீன், தவளை, தலைப்பிரட்டை தின்னும். கிணறு, ஏரி, நடவு வயல் எல்லா இடத்திலும் இருக்கும். இறங்கும்போது படிக்கட்டு இடுக்கில் கை வைக்காமல், கோலால் தட்டிவிட்டு இறங்குங்கள். அந்த இடுக்கில் இதுதான் இருக்கும் என்று சொல்ல முடியாது.

வில்லியனூரிலிருந்து: ஊசுட்டேரிக் கரையில மீன் பிடிக்கும்போது பச்சையும் கறுப்புக் கட்டமுமா இருந்த பாம்பு கடிச்சிருச்சு. ரத்தம் நிக்கவே கொஞ்சம் நேரம் ஆச்சு.

கண்ணுக்குக் கீழே சாய்வாக இரண்டு கறுப்புக் கோடு இருந்ததா? இருந்தால் நீர்க்கோலி. முரட்டுப் பாம்பு, விடாமல் கடிக்கும், கூரிய பல் என்பதால் கீறி இரத்தம் வரும், ஆனால் விஷமில்லை. சோப்பும் தண்ணீரும் போட்டுக் கழுவி, தடுப்பூசி போட்டு ஐந்தாண்டுக்கு மேல் ஆகியிருந்தால் டெட்டனஸ் ஊசி பற்றி மருத்துவரிடம் கேளுங்கள். அந்தக் கோடுகளை நீங்கள் பார்க்கவில்லை என்றால் நீர்க்கோலி என்று நினைத்து வீட்டில் இருந்துவிடாதீர்கள். கண்ணாடி விரியன் கடித்தாலும் இரத்தம் நிற்காது. மருத்துவமனையில் சோதித்துக்கொள்வதே சரி.

சிதம்பரத்திலிருந்து: அடுத்த மாசம் குடும்பத்தோட ஏற்காடு, கொல்லிமலை போறோம். அங்கயும் பச்சைன்னா கண்கொத்திதானா?

இல்லை. இந்த ஒன்றை நன்றாக மனதில் வையுங்கள். மலையில் மூங்கில் குழிவிரியன் உண்டு, பச்சை நிறம், நிஜமான விஷம். கண்ணுக்கும் நாசிக்கும் நடுவில் ஒரு குழி இருக்கும். எலி, பறவை போன்ற வெப்ப இரத்தப் பிராணிகளின் சூட்டை அதைக் கொண்டு உணரும். தலை அகலம், கழுத்து ஒல்லி, உடம்பு குட்டையாகத் தடித்து, வால் கிளையைச் சுற்றிப் பிடிக்கும். பாவை செங்குத்து. கண்கொத்தியோ உடம்பெல்லாம் ஒரே ஒல்லி, பகலில் நடமாடும். குழிவிரியன் பகலில் காபிச் செடியிலோ ஓடைக்கரைப் புதரிலோ மடிந்து அசையாமல் கிடக்கும், இரவில் இரைக்குக் காத்திருக்கும். ஆள் அருகே வந்தாலும் ஓடாது. கடி படுவதற்கு அதுதான் காரணம்: பறிக்கிற கை நேராக அதன் மேல் போய்விடும். நடைபாதையை விட்டு விலகாதீர்கள், செடிக்குள் கை விடாதீர்கள், இருட்டில் டார்ச் இல்லாமல் நடக்காதீர்கள்.

இதன் கடியில் கடும் வலியும் வீக்கமும் வரும், உயிர் போவது அரிது. நம் நாட்டில் கிடைக்கும் விஷமுறிவு மருந்து, தொடக்கத்தில் சொன்ன நான்கு பாம்புகளின் விஷத்தைக் கொண்டு தயாரானது. சென்னையை அடுத்த வடநெம்மேலியில் 1978இல் தொடங்கிய, பாம்பு பிடிக்கும் இருளர்களின் கூட்டுறவுச் சங்கம் எடுத்துத் தருவதும் அந்த நான்கின் விஷம்தான். குழிவிரியனுக்கு அது கேட்காது. ஆகவே மலையில் கடி பட்டால், எந்த ஊரில், மரத்திலா தரையிலா என்பதை மருத்துவரிடம் முதலிலேயே சொல்லுங்கள்.

மலையில் தரையில் மேயும் இன்னொரு பச்சைப் பாம்பும் உண்டு. உருண்ட உடம்பு, சொரசொரப்பான செதில், குட்டியாக இருந்தால் கழுத்தில் கூரை வடிவக் கறுப்புக் குறி. கழுத்தைத் தட்டையாக்கித் தலையைத் தூக்குவதால் நாகக் குட்டி என்று அடித்துவிடுகிறார்கள். இது தேரை தின்னி, ஆளை விரட்டாது. ஆனாலும் கையில் எடுக்க வேண்டாம். இதே பேரினத்தைச் சேர்ந்த கிழக்காசியப் பாம்புகள் சிலவற்றின் கடி ஆபத்தானது.

தேவனாம்பட்டினத்திலிருந்து: கரைவலையில பச்சை கலந்த மஞ்சளா, கறுப்புப் பட்டையோட பாம்பு வருது. பசங்க வாலைப் பிடிச்சு எறியறாங்க. ஒண்ணும் செய்யாதுன்னு சொல்றாங்க, நிஜமா?

உடனே நிறுத்தச் சொல்லுங்கள். வால் துடுப்பாகத் தட்டையாக இருந்தால் அது கடல் பாம்பு. பெரும்பாலும் அடங்கி இருக்கும், வலையில் நசுங்கினால் கடிக்கும். கடி சின்னது, வலியே இருக்காது. அதனால்தான் சாதாரணமாக விட்டுவிடுகிறார்கள். சில மணி நேரத்தில் உடம்பெல்லாம் தசைவலி, கழுத்தும் தாடையும் இறுகுதல், இமை சரிவு, பிறகு சிறுநீர் காபி நிறத்தில் போகும். தசை சிதைந்து சிறுநீரகத்தை அடைப்பதன் அறிகுறி அது. நம் முறிவு மருந்து இதற்கும் கேட்காது. மூச்சுக்கருவியும் டயாலிசிசும் உள்ள பெரிய மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும். வலையைப் பிரிக்கும் முன் நீளக் கம்பால் மீனைக் கலைத்துப் பாருங்கள், பாம்பைக் கம்பால் தூக்கித் தண்ணீரில் விடுங்கள், குழந்தைகளை மீன் பொறுக்க விடாதீர்கள்.

பிச்சாவரம் பக்கத்திலிருந்து: சேத்துல வர்ற பாம்பும் கடல் பாம்புதானா?

வாலைப் பாருங்கள். உருண்டு கூர்ந்திருந்தால் அது கழிமுகச் சேற்றில் வாழும் நாய்முகப் பாம்பு. மிதமான விஷம், உயிருக்கு ஆபத்தில்லை. தட்டையாக இருந்தால் மேலே சொன்னதுதான்.

குறிஞ்சிப்பாடியிலிருந்து: முந்திரிக்கொட்டை பொறுக்கும்போது பச்சைப் பாம்பு கடிச்சா உடனே முறிவு ஊசி போடணுமா? கட்டு போடலாமா?

கயிறு கட்டாதீர்கள். இரத்த ஓட்டம் நின்று விரலையோ காலையோ இழக்க நேரும், கட்டை அவிழ்த்ததும் விஷம் மொத்தமாக ஏறும். கீறுவது, உறிஞ்சுவது, ஐஸ் வைப்பது எதுவும் வேண்டாம். மோதிரம், வளையல், கொலுசைக் கழற்றுங்கள். கடிபட்ட கையையோ காலையோ எலும்பு முறிவுக்குச் செய்வது போலக் கட்டையோடு சேர்த்துத் துணியால் தளர்வாகக் கட்டி அசையாமல் வையுங்கள். நடக்கவிடாமல் 108இல் ஏற்றி மருத்துவமனைக்குக் கொண்டுபோங்கள். புதுச்சேரி பக்கம் ஜிப்மர் இருக்கிறது.

கண்கொத்தி என்று உறுதியானால் முறிவு ஊசி தேவையில்லை. அது குதிரை இரத்தத்திலிருந்து எடுப்பது, சிலருக்கு உயிரைப் பாதிக்கும் அளவுக்கு ஒவ்வாமை வரும். அதனால் மருத்துவர்கள் அறிகுறி பார்த்துத்தான் போடுவார்கள். உலர்ந்த கண்ணாடிக் குழாயில் 2 மில்லி இரத்தம் எடுத்து 20 நிமிடம் அசைக்காமல் வைத்துச் சாய்த்துப் பார்ப்பார்கள். உறையாமல் ஓடினால் கண்ணாடி விரியன் அல்லது சுருட்டை விரியன் விஷம் என்று கொண்டு ஊசி தொடங்குவார்கள். அந்த 20 நிமிடம் போதும் வீட்டுக்குப் போகலாம் என்று அவசரப்படுத்தாதீர்கள், ஒரு நாள் கண்காணிப்பில் இருப்பது நல்லது. முந்திரிச் சருகுக்குள் சுருட்டை விரியனும் இருக்கும், கடித்தது எது என்று கீழே குனிந்திருந்தவருக்கு எப்போதும் சரியாகத் தெரியாது.

அடையாளத்துக்காகப் பாம்பை அடித்துக் கொண்டுபோக வேண்டாம். வெட்டிய தலைகூடக் கொஞ்ச நேரத்துக்குக் கடிக்கும். இரண்டு மீட்டர் தள்ளி நின்று, ஜூம் செய்து, தலையின் பக்கவாட்டில் ஒன்றும் முழு உடம்புக்கு ஒன்றும் படம் எடுத்தால் போதும்.

லாஸ்பேட்டையிலிருந்து: மல்லிப் பந்தல்ல வராம இருக்க பூண்டு, பினாயில், உப்பு போடலாமா?

எதுவும் பலிக்காது. பந்தலைச் சுவரிலிருந்து ஓரடி தள்ளி வையுங்கள், ஜன்னலுக்கு மேல் படரும் கிளையை வெட்டுங்கள். வீட்டுக்குள் வந்துவிட்டால் கதவைச் சாத்தி, அடியில் துணி வைத்து அடைத்து, தீயணைப்புத் துறையையோ வனத்துறையையோ கூப்பிடுங்கள்.

விருத்தாசலத்திலிருந்து: மாட்டுக் கொட்டகையில பாம்புச் சட்டை மட்டும் கிடைச்சுது. பச்சைப் பாம்பா இருக்குமா?

சட்டையில் நிறம் தங்காது, எல்லாப் பாம்புக்கும் வெளிறித்தான் இருக்கும். செதிலைப் பாருங்கள். நடு உடம்பில் முதுகுச் செதில் வரிசைகளைக் குறுக்காக எண்ணுங்கள். 15 வரிசை, வழவழப்பு, வால் உடம்பின் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் நீளம், வாலடித் தகடுகள் இரண்டிரண்டாகப் பிரிந்திருந்தால் கண்கொத்தியோ, விஷமில்லாத கொம்பேறி மூக்கனோ. அதே 15 வரிசைதான், ஆனால் நடு முதுகுச் செதில் பெரிதாக அறுகோணமாகவும், வால் குட்டையாகவும், வாலடித் தகடுகள் பிரியாமல் ஒற்றையாகவும் இருந்தால் கட்டு விரியன். அப்படியென்றால் கொட்டகையிலும் பக்கத்து அறையிலும் இன்றிரவே தரையில் படுப்பதை நிறுத்திக் கட்டிலுக்கு மாறுங்கள், கொசுவலையை மெத்தைக்கடியில் நன்றாகச் செருகுங்கள். 25 வரிசையோ அதற்கு மேலோ இருந்து, ஒவ்வொரு செதிலிலும் நடுவில் மேடு இருந்தால் கண்ணாடி விரியனோ சுருட்டை விரியனோ. வைக்கோலை வெறுங்கையால் அள்ளாமல் கவைக்கோலால் புரட்டுங்கள்.