அக்காவின் கைப்பை, மைத்துனியின் லெஹங்கா, உங்கள் கிரெடிட் கார்டு

கேள்வி: எனக்கு வயது 34. சென்னையில் தனியார் நிறுவன வேலை, கையில் வரும் சம்பளம் 92,000 ரூபாய். எட்டு மாதத்துக்கு முன் மைத்துனி கல்யாணத்தில் ரிசப்ஷனுக்காக 3,20,000 ரூபாய்க்கு டிசைனர் லெஹங்கா எடுத்தார்கள். என் கிரெடிட் கார்டில்தான் போட்டோம், 16 சதவீத வட்டியில் 24 மாத இஎம்ஐ. மாமனார் மாதம் 15,000 தருவதாகச் சொன்னார். மூன்று மாதம் தந்தார், அப்புறம் பேச்சில்லை. ஐந்து மாதத்துக்கு முன் அக்கா ஒரு வெளிநாட்டு பிராண்டு கைப்பையை 1,20,000 ரூபாய்க்கு, 12 மாத 'நோ காஸ்ட் இஎம்ஐ'யில், அதே கார்டில் வாங்கினாள். போனஸ் வந்ததும் தருகிறாளாம். இதுபோக கார்டில் 1,85,000 நிலுவை நிற்கிறது, அதற்கு மாதம் பத்தாயிரம் மட்டும் கட்டி ஓட்டுகிறேன். அத்தான் ஒரு யோசனை சொல்கிறார்: 8 லட்சம் பர்சனல் லோன் எடுத்து கார்டு கடனை மொத்தமாக முடித்துவிட்டு, மீதி மூன்று லட்சத்தை லக்ஸரி ஃபேஷன் நிறுவனப் பங்குகளில் போடு, இந்தியாவில் இந்தத் துறை எங்கேயோ போகப்போகிறது, அந்த லாபத்திலேயே கடன் அடைந்துவிடும், பைகூட நாளைக்கு விலை ஏறும் என்கிறார். செய்யலாமா? ராத்திரியில் தூக்கம் வருவதில்லை. பில் தேதி 12.

பதில்: செய்ய வேண்டாம். ஏன் என்று சொல்வதற்கு முன் ஒரு விஷயம். உங்கள் கடிதத்தில் லெஹங்கா, பை, பங்கு என்று மூன்றைப் பற்றி எழுதியிருக்கிறீர்கள். மூன்றுமே உங்கள் பிரச்சினை இல்லை. "உன் கார்டில் போட்டுக்கோ, மாசாமாசம் தந்துடறேன்" என்று யார் சொன்னாலும் நீங்கள் கார்டை எடுத்து நீட்டுகிறீர்கள், அதுதான் பிரச்சினை. நம் ஆட்கள் ஐந்நூறு ரூபாய் மொய்யைக்கூட நோட்டுப் போட்டு, ஊர், பெயர், இன்னாரின் மகன் என்று எழுதி, இருபது வருஷம் கழித்துத் திருப்பிச் செய்கிறார்கள். கார்டில் போட்ட மூன்று லட்சத்தை மட்டும் யாரும் எந்த நோட்டிலும் எழுதுவதில்லை.

கணக்கைத் தோராயமாகப் பார்ப்போம். லெஹங்காவுக்கு மாதம் 15,700 போகிறது. 24 மாதத்தில் மொத்தம் சுமார் 3,76,000, அதாவது வட்டி மட்டும் 56,000. கார்டு இஎம்ஐ என்பதால் அந்த வட்டி மேல் 18 சதவீத ஜிஎஸ்டியும் உண்டு, அது ஒரு 10,000. (பர்சனல் லோன் வட்டிக்கு ஜிஎஸ்டி கிடையாது, கார்டு வட்டிக்கு உண்டு. பில்லில் தனி வரியாக வரும், யாரும் பார்ப்பதில்லை.) ஆக, மூன்று மணி நேர ரிசப்ஷன் உடை 3,86,000 ரூபாயில் வந்து நிற்கிறது. மாமனார் தந்த 45,000 வட்டிக்கும் வரிக்கும்கூடக் காணாது.

பை மாதம் 10,000. 'நோ காஸ்ட்' என்ற சொல்லை நான் பல வருஷமாகத் திட்டிக்கொண்டிருக்கிறேன். வட்டியை விலையில் தள்ளுபடியாகக் காட்டிவிட்டு அதையே வங்கி வசூலிக்கிறது, அந்த வட்டிக்கான ஜிஎஸ்டியும் பிராசஸிங் ஃபீஸும் உங்கள் தலையில். உங்கள் விஷயத்தில் இரண்டாயிரம் சொச்சம் இருக்கும், பெரிய தொகை இல்லை. ஆனால் கிரெடிட் கார்டு நிலுவைக்கு 'ஜீரோ பர்சன்ட்' என்று சொல்லும் திட்டங்களில் வட்டி ஒளித்து வைக்கப்படுகிறது என்று ரிசர்வ் வங்கியே 2013-ல் கண்டித்திருக்கிறது. பெயர்தான் மாறியிருக்கிறது.

உண்மையான ஓட்டை மூன்றாவது. 1,85,000 நிலுவைக்கு மாதம் 3.6 சதவீதம் என்று வைத்துக்கொண்டால் வட்டி 6,660, அதற்கு ஜிஎஸ்டி 1,200, சேர்த்து 7,860. நீங்கள் கட்டுகிற பத்தாயிரத்தில் அசலுக்குப் போவது 2,140 ரூபாய். இன்னொன்று, நிலுவை இழுத்துக்கொண்டிருக்கும் வரை அந்தக் கார்டில் புதிதாக வாங்குகிற எதற்கும் வட்டியில்லாத நாட்கள் கிடையாது. பெட்ரோல், மளிகை எல்லாவற்றுக்கும் வாங்கிய நாளிலிருந்தே வட்டி ஓடும். மூன்றையும் கூட்டினால் மாதம் 35,700, சம்பளத்தில் ஏறக்குறைய நாற்பது சதவீதம். அதில் 25,700 ரூபாய் உங்கள் வீட்டுக்குள் வராத இரண்டு பொருளுக்கு.

அத்தான் யோசனை ஏன் இனிக்கிறது என்றும் புரிகிறது. 8 லட்சத்தை 13.5 சதவீதத்தில் ஐந்து வருஷத்துக்கு எடுத்தால் இஎம்ஐ 18,400. இப்போது கட்டுவதில் பாதி! ஆனால் மொத்தம் கட்டுவது 11 லட்சத்துக்கு மேல். அதைவிட மோசமான விளைவு ஒன்று உண்டு. கார்டு காலியாகிவிடும், காலியாக இருக்கும் லிமிட் உங்கள் குடும்பத்தில் ரகசியமாக இருக்காது. அடுத்த கல்யாணம் யாருக்கு?

சரி, இந்த லக்ஸரி ஃபேஷன் துறைக்கு வருவோம், ஏனென்றால் அத்தான் பாதி உண்மை சொல்கிறார். பணம் புரளுகிறது. லக்ஸரி மால்களான டெல்லி எம்போரியோவை 2008-லும் மும்பை ஜியோ வேர்ல்ட் பிளாசாவை 2023 நவம்பரிலும் திறந்தார்கள். 2023 மார்ச்சில் பிரெஞ்சு லக்ஸரி பிராண்டான டியோர் நிறுவனம் கேட்வே ஆஃப் இந்தியா முன்னால் ஷோவே நடத்தியது. மும்பை எம்பிராய்டரிப் பட்டறை ஒன்றோடு அவர்களுக்கு நெடுநாள் தொழில் உறவு, அதை வெளிச்சம் போட்டுக் காட்டிய விழா அது. 2021 ஜனவரியில் ஆதித்ய பிர்லா ஃபேஷன் நிறுவனம் கல்யாண உடை டிசைனர் சப்யசாச்சியின் நிறுவனத்தில் 51 சதவீதத்தை 398 கோடிக்கு வாங்கியது. அதே வருஷம் அக்டோபரில் ரிலையன்ஸ் குழுமம் இன்னும் இரண்டு டிசைனர்களின் நிறுவனங்களில், மனிஷ் மல்ஹோத்ராவில் 40 சதவீதமும் ரித்து குமாரில் 52 சதவீதமும், எடுத்தது.

ஆனால் அந்த 398 கோடியைக் கொஞ்சம் நிதானித்துப் பாருங்கள். நாட்டிலேயே மிகப் பிரபலமான கல்யாண உடை டிசைனர், சினிமா நட்சத்திரங்கள் முகூர்த்தத்துக்கு உடுத்துகிற பெயர், அந்த நிறுவனத்தில் பாதிக்கு மேல் அவ்வளவுதான். பெரிய முதலாளிகளின் கணக்கில் அது சின்னத் தொகை. இந்தத் துறையின் பொருளாதாரம் அப்படி: புகழ் பெரிது, வியாபாரம் சிறிது. ஜர்தோசி என்கிற ஜரிகைக் கம்பி எம்பிராய்டரியைக் கைவினைஞர் மரச்சட்டத்தில் துணியைக் கட்டி உட்கார்ந்து ஊசியால்தான் போட வேண்டும். ஒரு கனமான பாவாடைக்குப் பல கைகள் பல வாரம் உழைக்கும், இரண்டு மடங்கு ஆர்டர் வந்தால் இரண்டு மடங்கு கை வேண்டும், ஒரு மென்பொருளை விற்பதுபோல் பெருக்க முடியாது. போதாக்குறைக்கு வியாபாரம் முழுக்கக் கல்யாண சீசனைத்தான் நம்பியிருக்கிறது. ஆடியிலும் மார்கழியிலும் வாடகை நிற்காது, வாடிக்கையாளர் நின்றுவிடுவார்கள்.

இதனால்தான் வெறும் லக்ஸரி ஃபேஷன் என்று சொல்லி வாங்க ஒரு நல்ல பங்கு நம் சந்தையில் தேடினாலும் கிடைப்பதில்லை. சப்யசாச்சிக்காக ஆதித்ய பிர்லா ஃபேஷன் பங்கை வாங்கினால் கூடவே பாண்டலூன்ஸ் என்கிற சாதாரணத் துணிக்கடை வியாபாரமும் சேர்ந்து வரும், அந்த நிறுவனம் தொடர்ந்து சில வருஷம் நஷ்டக் கணக்கு காட்டியிருக்கிறது. மனிஷ் மல்ஹோத்ராவுக்காக ரிலையன்ஸ் பங்கை வாங்குவது கடுகுக்காகப் பலசரக்குக் கடையையே வாங்குவது. கல்யாண உடையில் நல்ல லாபம் பார்க்கிற மான்யவர் நிறுவனம் (பங்குச் சந்தையில் அதன் பெயர் வேதாந்த் ஃபேஷன்ஸ்) 2022 பிப்ரவரியில் ஒரு பங்கு 866 ரூபாய் என்று முதல்முறை சந்தைக்கு வந்தது, ஏறியது, 2025-ல் அந்த விலைக்கும் கீழே வந்தது. நல்ல கடை வேறு, நல்ல விலைக்குக் கிடைக்கிற பங்கு வேறு. இதையெல்லாம் உபரிப் பணத்தில் செய்கிறவர் செய்யட்டும். 13.5 சதவீதத்துக்குக் கடன் வாங்கிப் பங்கு வாங்குகிறவர், அந்தப் பங்கு வருஷா வருஷம் அதைவிட அதிகம் தந்தே ஆக வேண்டும் என்று பந்தயம் கட்டுகிறார். உங்களுக்கு ஏற்கெனவே தூக்கம் போய்விட்டது.

வெளிநாட்டுப் பெரிய பிராண்டுகளுக்கும் இதுதான் கதை. கோடீஸ்வரர்கள் எண்ணிக்கை குறைவு. வாழ்நாளில் ஒரு பை, ஒரு ஷூ என்று கைக்கு மீறி வாங்குகிற நடுத்தர வர்க்கம்தான் அவர்கள் வளர்ச்சிக்குத் தீனி. அந்தக் கூட்டம் கொஞ்சம் கையைச் சுருக்கியதும் 2024-ல் இத்தாலிய பிராண்டான குச்சியின் (Gucci) விற்பனை 20 சதவீதத்துக்கும் மேல் விழுந்தது. உங்கள் அக்காவைப் போன்றவர்கள்தான் அந்தக் கூட்டம், இங்கே அவருக்காகக் கையை மீறியது உங்கள் கார்டு என்பதுதான் வித்தியாசம்.

பை விலை ஏறும் என்ற பேச்சுக்கு நான் அதிகம் செலவழிக்கப் போவதில்லை. ஏலத்தில் விலை ஏறுவது விரல்விட்டு எண்ணக்கூடிய சில ரகங்கள், கேட்டாலும் கடையில் கிடைக்காதவை. கேட்டதும் எடுத்துத் தந்து, இஎம்ஐயும் போட்டுத் தந்த பை அந்த ரகமில்லை. 2024-ல் மிலான் நீதிமன்ற விசாரணை ஆவணங்களில் ஒரு கணக்கு வெளிவந்தது: கடையில் 2,600 யூரோவுக்கு விற்கிற டியோர் பை ஒன்றைத் தைத்துத் தர ஒப்பந்தக்காரருக்குக் கொடுத்தது 53 யூரோ. தோல் முதலான சரக்கு அதில் சேராது, சரி, ஆனாலும் நீங்கள் எதற்குப் பணம் கொடுக்கிறீர்கள் என்பது தெரிகிறது. இங்கே அதன் மேல் சுங்க வரி, ஜிஎஸ்டி.

லெஹங்கா இன்னும் மோசம். தைத்த உடை 2,500 ரூபாய்க்கு மேல் போனால் ஜிஎஸ்டி 12 சதவீதமாக இருந்தது, 2025 செப்டம்பர் 22 முதல் 18. இன்றைய விகிதத்தில் 3,20,000 ரூபாய் பில்லில் கிட்டத்தட்ட 49,000 வரி, அது கடையை விட்டு இறங்கும்போதே போய்விட்டது. மிச்சத்தில் கைவேலை ஒரு பங்கு, ஷோரூம் வாடகையும் டிசைனர் பெயரும் பெரும் பங்கு. உடல் அளவுக்கு வெட்டித் தைத்த துணியை இன்னொருவர் வாங்கமாட்டார். அம்மாவின் பழைய அசல் ஜரிகைப் பட்டைக் கொடுத்தால், "பழைய பட்டுச் சேலை வாங்குறது" என்று தெருவில் வருகிறவர்கூட ஜரிகையை நகத்தால் சுரண்டிப் பார்த்து வெள்ளிக்காக ஒரு விலை சொல்வார். லெஹங்காவில் மினுங்குகிற கம்பிக்கும் சம்கிக்கும் அவர் திரும்பிக்கூடப் பார்க்கமாட்டார். பீரோ மேல் பெரிய பிளாஸ்டிக் உறைக்குள், கேன்கேன் வலையோடு உப்பிக்கொண்டு, அது பாட்டுக்கு இடத்தை அடைத்துக்கொண்டிருக்கும். வாடகைக்கு எடுத்திருக்கலாம். போனது போகட்டும்.

இப்போது செய்ய வேண்டியது. 8 லட்சம் வேண்டாம், 1,85,000 மட்டும் பர்சனல் லோன் எடுங்கள், 24 மாதம். 13.5 சதவீதத்தில் இஎம்ஐ 8,850 வரும், இப்போது முடிவில்லாமல் கட்டுகிற பத்தாயிரத்தைவிடக் குறைவு, இரண்டு வருஷத்தில் தீர்ந்துவிடும். பையின் இஎம்ஐ இன்னும் ஏழு மாதம்தான், அதைத் தொட வேண்டாம். லெஹங்காவில் அசல் பாக்கி 2,24,000 சுமார் இருக்கும். இதற்கு மாமனாரிடம் போய் மாதத் தவணை கேட்காதீர்கள், அது மறுபடி மூன்று மாதத்தில் நிற்கும். கல்யாண வீட்டில் நகை இருக்கும், நகைக்கடன் கார்டு வட்டியைவிட மிகவும் மலிவு, அவர் பெயரில் அவர் வைத்து மொத்தமாகத் தரட்டும், நீங்கள் முன்கூட்டியே அடைப்பதற்கான கட்டணம் எவ்வளவு என்று வங்கியில் கேட்டு அதையும் சேர்த்துச் சொல்லுங்கள். மனைவியிடம் இந்தத் தாளைக் காட்டிவிட்டு, அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள். தனியாகப் போனால் "மாப்பிள்ளை பணம் கேட்டு வந்துட்டார்" என்றாகிவிடும்.

கார்டை மூடச் சொல்லவில்லை. வங்கியில் சொல்லி லிமிட்டைக் குறைக்கலாம், லெஹங்காவும் பையும் முடிய முடிய இறக்கிக்கொண்டே வந்து ஐம்பதாயிரத்தில் நிறுத்துங்கள். "என் கார்டு லிமிட்டே அவ்வளவுதான்" என்று சொல்ல உங்களைப் போன்ற இளகிய மனசுக்காரருக்கு அது உண்மையாகவே இருக்க வேண்டும். பொய் சொல்ல உங்களுக்கு வராது என்று கடிதத்திலேயே தெரிகிறது. தர ஆசையாக இருந்தால் பத்தாயிரம் மொய்யாக எழுதுங்கள், திரும்பி வராவிட்டாலும் வட்டி ஓடாது. அப்புறம், ஒரு வருஷத்தில் கார்டுக்குக் கட்டியது பத்து லட்சத்தைத் தொட்டால் அந்த விவரம் வருமான வரித் துறைக்குப் போகும். அங்கே உட்கார்ந்து "இது அக்கா பை, அது மைத்துனி பாவாடை" என்று விளக்குவதும், கடனை ஒழுங்காகக் கட்டுகிறவரா என்று காட்டும் சிபில் மதிப்பெண் இறங்கி நாளைக்கு வீட்டுக் கடனுக்குக் கூடுதல் வட்டி கட்டுவதும் நீங்களாகத்தான் இருக்கும், அவர்கள் இல்லை.

அக்காவிடம் பில் தேதிக்கு முன்னால் பேசுங்கள், 12-ஆம் தேதிக்குள். போனஸ் வரைக்கும் காத்திருக்க வேண்டாம், ஏழு மாதத் தவணையில் பாதியையாவது, மாதம் ஐயாயிரம், 10-ஆம் தேதியே உங்கள் கணக்குக்கு வரும்படி அவர் வங்கியில் நிரந்தர உத்தரவு போட்டுவிடச் சொல்லுங்கள். கோபித்துக்கொண்டால் இரண்டு நாள் கோபித்துக்கொள்ளட்டும். அத்தானிடம் பங்கு விஷயத்தைச் சொல்லும்போது, அவர் அதில் எவ்வளவு போட்டிருக்கிறார் என்று ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்கள்.