மகள் மியூசிக்கல் எழுதப் போகிறாளாம்

அன்புள்ள அம்மாவுக்கு,

போன சனிக்கிழமை நீங்களும் மகளும் படிப்பு ஆலோசனைக்காக என் அறையில் உட்கார்ந்திருந்த முக்கால் மணி நேரமும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவே இல்லை. அவள் தண்ணீர் குடிக்க எழுந்து போனபோது குரலைத் தாழ்த்திக் கேட்டீர்கள்: "செகண்ட் இயர் இ.சி.இ.யை விட்டுட்டு நியூயார்க் போய் நாடகத்துக்குப் பாட்டு எழுதப் போறேங்கிறா. இதுக்கெல்லாம் யார் மேடம் சம்பளம் தருவாங்க?" அதற்குள் அவள் வந்துவிட்டாள். அதனால்தான் இந்தக் கடிதம். அவளும் படிக்கட்டும், ஒளிக்க ஒன்றும் இல்லை.

யாரும் சம்பளம் தர மாட்டார்கள். வருமானம் வேறு வழியில் வரும், அந்தக் கணக்குக்கு அப்புறம் வருகிறேன். அவள் என்ன செய்ய ஆசைப்படுகிறாள் என்பதிலேயே உங்களுக்குக் குழப்பம் இருக்கிறது. "நடிக்கப் போறாளா?" என்று இரண்டு தடவை கேட்டீர்கள். நடிக்கப் போகவில்லை.

மதுரைக்காரர் நீங்கள், வள்ளி திருமணம் பார்க்காமலா இருந்திருப்பீர்கள்? நள்ளிரவு தாண்டியும் வள்ளியும் நாரதரும் பாட்டிலேயே தர்க்கம் பண்ணுவார்கள், ஆர்மோனியம் கூடவே ஓடும். பாட்டு முடியும்போது கதை ஓரடி நகர்ந்திருக்கும். நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகளான பிராட்வேயில் போடும் மியூசிக்கலுக்கும் அடிப்படை அதுதான். அங்கே எழுத்து வேலையை மூன்றாகப் பிரிப்பார்கள். கதைப்போக்கும் வசனமும் 'புக்'. பாட்டு வரி 'லிரிக்ஸ்'. இசை தனி. ஒருவரே மூன்றையும் செய்யலாம், மூன்று பேர் சேர்ந்தும் செய்யலாம்.

ஒரு காட்சியைச் சொன்னால் புரியும். 'ஃபன் ஹோம்' என்ற மியூசிக்கலில் ஒரு சிறுமி அப்பாவுடன் சின்ன ஓட்டலில் உட்கார்ந்திருக்கிறாள். சரக்கு கொண்டுவந்து போடும் ஒரு பெண் உள்ளே வருகிறாள். குட்டை முடி, முரட்டு பூட்ஸ், இடுப்பில் ஒரு சாவிக்கொத்து. இந்தச் சிறுமி பின்னாளில் தன்னை லெஸ்பியன் என்று உணரப்போகிறவள். இப்போது அவளுக்கு அந்தச் சொல்லே தெரியாது. அந்தப் பெண்ணைப் பார்த்ததும் உள்ளே ஏதோ நடக்கிறது, பாட ஆரம்பிக்கிறாள். பாட்டு பாதியில் நிற்கிறது, திரும்பத் தொடங்குகிறது, மறுபடி நிற்கிறது. சொல் கிடைக்காமல் தவிக்கிறவளுக்குத் தவிக்கிற வரிதான் சரி என்று லிரிக்ஸ் எழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் தெரிந்திருக்கிறது. அந்த நாடகத்துக்குப் புக்கும் லிரிக்ஸும் லிசா க்ரோன், இசை ஜெனீன் டெசோரி. 2015-ல் அவர்களுக்குச் சிறந்த இசை, பாடலுக்கான டோனி விருது, அதாவது பிராட்வே நாடகங்களுக்குத் தரும் பெரிய விருது, கிடைத்தது. பெண்கள் மட்டுமே கொண்ட ஓர் எழுத்துக் கூட்டணி அதை வாங்கியது அதுதான் முதல் தடவை. டோனி விருதுகள் தொடங்கியது 1947-ல். நடுவில் 68 வருடம்.

அந்த டெசோரியைப் பற்றி உங்களுக்குப் பிடித்தமான ஒரு தகவல்: அவர் கல்லூரியில் சேர்ந்தது டாக்டர் ஆவதற்காகத்தான். நியூயார்க்கின் பர்னார்ட் கல்லூரியில் மருத்துவத்துக்கான முன்படிப்பிலிருந்து இசைக்கு மாறினார். டோனி மேடையில் அவர் சொன்னது: இசையைத் தொழிலாகக் கொள்ளப் பெண்களுக்கும் இடம் உண்டு என்பதே 1981 வரை தனக்குத் தெரியாதாம். அந்த வருடம் பாடகி லீனா ஹார்னின் நிகழ்ச்சியில் லிண்டா ட்வைன் என்ற பெண் இசைக்குழுவை நடத்துவதைப் பார்த்தாராம், அதற்குப் பிறகுதான் தெரிந்ததாம். (உங்கள் மகள் இந்தப் பேச்சை யூடியூபில் பார்த்திருக்கிறாள். நான் ஆரம்பித்ததும் அவளே முடித்தாள்.)

பெண்கள் அதற்கு முன்னால் எழுதாமல் இல்லை. கே ஸ்விஃப்ட் 1930-லேயே ஒரு பிராட்வே மியூசிக்கலுக்கு முழுசாக இசையமைத்துவிட்டார். டோரதி ஃபீல்ட்ஸின் அப்பா லூ ஃபீல்ட்ஸ் பெயர்பெற்ற மேடை நகைச்சுவை நடிகர். தியேட்டரிலேயே சம்பாதித்த அந்த மனிதரே மகள் அந்தப் பக்கம் வரக் கூடாது என்று நின்றார். மகள் கேட்கவில்லை, 1936-ல் வந்த ஒரு படத்தின் பாட்டு வரிக்காக ஆஸ்கர் வாங்கினார். மிக்கி கிராண்ட் 1972-ல் புக், லிரிக்ஸ், இசை மூன்றையும் ஒற்றை ஆளாக எழுதி பிராட்வேக்குக் கொண்டுவந்தார். அவரும் பெண், அதிலும் கறுப்பினப் பெண். ஆனாலும் துணைக்கு ஆண் இல்லாமல் ஒரு பெண் தனியாக அந்த டோனியை வாங்க 2013 ஆனது. வாங்கியவர் சிண்டி லாப்பர். 2024-ல் ஷைனா டாப் 'சஃப்ஸ்' நாடகத்துக்காகப் புக், இசை இரண்டு விருதையும் தனியாகவே வாங்கினார்.

விருதுப் பட்டியலைக் காட்டி உங்களை மயக்கப் பார்க்கவில்லை. இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். அமெரிக்க நாடக ஆசிரியர் சங்கமான டிரமாட்டிஸ்ட்ஸ் கில்டும், நாடகத்துறைப் பெண்களுக்கு விருது தரும் லில்லி அவார்ட்ஸ் அமைப்பும் 2015-ல் ஒரு கணக்கெடுப்பை வெளியிட்டன. மேடையேறிய நாடகங்களில் பெண்கள் எழுதியவை 22 சதவீதம். 2019-ல் 'ஹேட்ஸ்டவுன்' மியூசிக்கலை இயக்கியதற்காக டோனி வாங்கிய ரேச்சல் சாவ்கின், அந்த சீசனில் பிராட்வேயில் மியூசிக்கல் இயக்கிய ஒரே பெண் தான்தான் என்பதை மேடையிலேயே சொன்னார். ஆள் கிடைக்காததால் இப்படி ஆகவில்லை, தேர்ந்தெடுக்கிற இடத்தில் இருப்பவர்களுக்குக் கற்பனை போதவில்லை என்றார். அவர் சொன்னதுதான் சரி என்று நான் நினைக்கிறேன். நம் சினிமாவில் பெண் இசையமைப்பாளர்கள் மிகக் குறைவு என்பதற்கும் காரணம் வேறில்லை.

இப்போது பணம்.

சினிமாவில் போல ஒரு தொகை வாங்கிக்கொண்டு போவது அங்கே வழக்கமில்லை. நாடகத்தின் காப்புரிமை எழுதியவர்களிடமே இருக்கும். கில்டின் ஒப்பந்தப்படி, எழுதியவர் சம்மதம் இல்லாமல் தயாரிப்பாளர் ஒரு வரியைக்கூட மாற்ற முடியாது. பிராட்வேயில் ஓடும்போது வார வசூலில் 4.5 சதவீதம் ராயல்டி, போட்ட பணம் திரும்பிய பிறகு 6 சதவீதம். புக், லிரிக்ஸ், இசை மூன்றுக்கும் அதைச் சமமாகப் பிரிப்பது பழைய வழக்கம். வாரம் பத்து லட்சம் டாலர் வசூலானால் ஆளுக்குப் பதினைந்தாயிரம் டாலர். உடனே மனதுக்குள் ரூபாயில் பெருக்கிப் பார்க்காதீர்கள். பெரும்பாலான நாடகங்கள் போட்ட பணத்தை எடுக்காமலேயே இறங்கிவிடும். மேடையேறும் வரை வருகிற காசும் சொற்பம்தான்.

அந்த "வரை" எவ்வளவு நீளம் என்று பாருங்கள். அனாயிஸ் மிட்செல் 'ஹேட்ஸ்டவுன்' நாடகத்தை முதலில் போட்டது 2006-ல், வெர்மான்ட் மாநிலத்தில், சின்ன அளவில். 2010-ல் அதை ஆல்பமாக வெளியிட்டார். 2016-ல் நியூயார்க்கில் ஒரு சிறிய அரங்கு, அப்புறம் கனடா, அப்புறம் லண்டன். பிராட்வே 2019-ல். பதின்மூன்று வருடம் ஒரே கதையைத் திருத்தித் திருத்தி எழுதியிருக்கிறார். ஷைனா டாப்புக்குப் பத்து வருடம். அதனால் இந்தத் துறையில் எல்லோரும் பக்கத்தில் இன்னொரு வேலை வைத்திருப்பார்கள். ரிஹர்சலுக்குப் பியானோ வாசிப்பது, நோட்டேஷன் எழுதிக் கொடுப்பது, பாடகர்களைத் தயார்படுத்துவது. டெசோரியே பல வருடம் நடனப் பகுதிகளுக்கு இசை அமைத்துக் கொடுத்தும் இசைக்குழு நடத்தியும் சம்பாதித்தவர். 'ராக்டைம்' லிரிக்ஸுக்கு டோனி வாங்கிய லின் ஆரன்ஸ் படித்தது இதழியல், வேலை பார்த்தது விளம்பர நிறுவனத்தில். மதிய இடைவேளையில் கிட்டார் வாசிப்பாராம். அதைக் கேட்டுத்தான் அங்கிருந்தவர்கள் அவரிடம் முதல் பாட்டைக் கேட்டு வாங்கியிருக்கிறார்கள்.

ஆகவே என் முதல் ஆலோசனை உங்கள் மகளுக்கு: இ.சி.இ.யை முடி. என்ஜினீயராகத்தான் ஆக வேண்டும் என்று சொல்லவில்லை. அங்கே முதுகலைக்குப் போக ஏதாவது ஓர் இளங்கலைப் பட்டம் கையில் வேண்டும், பக்கத்து வேலைக்கும் ஒன்று வேண்டும். இன்னும் இரண்டு வருடம்தானே.

இரண்டாவது ஆலோசனை உங்களுக்கு: இப்போதைக்குக் கடன் வாங்காதீர்கள். நியூயார்க் பல்கலைக்கழகத்தின் டிஷ் கல்லூரியில் மியூசிக்கல் எழுதுவதற்கென்றே இரண்டு வருட எம்.எஃப்.ஏ. என்ற முதுகலைப் படிப்பு இருக்கிறது. மிக நல்ல படிப்பு. கட்டணமும் அந்த ஊர் வாடகையும் சேர்ந்தால், உதவித்தொகை கிடைக்காவிட்டால், ஒரு கோடியைத் தாண்டிவிடும். முடித்த பிறகு அங்கே தங்கி வேலை பார்க்கத் தரும் ஓ.பி.டி. என்ற அனுமதி ஒரு வருடம்தான். கம்ப்யூட்டர், என்ஜினீயரிங் பிள்ளைகளுக்குக் கிடைக்கிற இரண்டு வருட நீட்டிப்பு கலைப் படிப்புக்குக் கிடையாது. ஒரு கோடிக் கடன், ஒரு வருட விசா, பத்து வருடக் காத்திருப்பு. இந்த மூன்றும் ஒன்றோடொன்று சேராது. நல்ல உதவித்தொகையோடு இடம் கிடைத்தால் தாராளமாகப் போகட்டும்.

இன்னொரு எச்சரிக்கை. சில வருடம் முன்பு ஓர் அப்பா என்னிடம் வந்தார், மகள் பாட்டு எழுதுகிறவள். ஓர் ஏஜென்சிக்குப் பணம் கட்டி, வெளிநாட்டில் 'மியூசிக்கல் தியேட்டர்' இளங்கலையில் சேர்த்துவிட்டார். போய்ப் பார்த்தால் முதல் வாரமே டேப் டான்ஸ் வகுப்பு. அந்தப் பெயரில் இருக்கும் இளங்கலைப் படிப்புகளில் பெரும்பாலானவை ஆடிப் பாடி நடிக்கிறவர்களுக்கானவை. 'ரைட்டிங்' என்றோ 'கம்போசிஷன்' என்றோ பாடத்திட்டத்தில் இருக்கிறதா என்று ஏஜென்சிக்காரரைக் கேட்காதீர்கள், நீங்களே ஒவ்வொரு செமஸ்டராகப் படித்துப் பாருங்கள். அந்தப் பெண் ஒரு வருடத்தில் திரும்பி வந்துவிட்டாள். போன பணம் போனதுதான்.

நியூயார்க்கில் பி.எம்.ஐ. லேமன் ஏங்கல் பட்டறை என்று ஒன்று 1961-லிருந்து நடக்கிறது. லின் ஆரன்ஸும் அவருக்கு இசையமைத்த ஸ்டீபன் ஃப்ளாஹெர்ட்டியும் சந்தித்துக்கொண்டது அங்கேதான். கட்டணம் கிடையாது. பட்டமும் கிடையாது, விசாவும் தர மாட்டார்கள். உள்ளே போக என்ன சர்டிபிகேட் வேண்டும் என்று கேட்காதீர்கள், எழுதிய பாட்டைத்தான் கேட்பார்கள். டிஷ்ஷிலும் மார்க்கை விட அனுப்புகிற பாட்டுக்கும் காட்சிக்கும்தான் மதிப்பு.

அப்படியென்றால் இந்த இரண்டு வருடத்தில் அவள் கையில் என்ன சேர வேண்டும்? அவளிடம் நேராகவே சொல்கிறேன்.

பாப்பா, உன் கர்னாடக சங்கீதம் உனக்குப் பெரிய பலம், ஆனால் அது மட்டும் போதாது. நீ பாட எழுதுகிறாய், உன் குரலுக்கே எழுதுகிறாய். தடித்த குரல்காரன் ஒருவனுக்கும் பன்னிரண்டு வயதுப் பையனுக்கும் எழுதிப் பார். ஹார்மனி ஒழுங்காகப் படி. டிரினிட்டி கிரேடு முடித்தது பியானோ வாசிக்க உதவும், நாலு குரலை அடுக்கத் தனிப் பயிற்சி வேண்டும். நோட்டேஷனுக்கு மியூஸ்ஸ்கோர் இலவசம், அதிலேயே ஆரம்பி. வெளிநாட்டு விண்ணப்பத்துக்கு ஆங்கிலத்தில் எழுதியாக வேண்டும், அதற்காகத் தமிழை விட்டுவிடாதே. சென்னை, பெங்களூரு இன்டர்நேஷனல் பள்ளிகளில் வருடா வருடம் மியூசிக்கல் போடுகிறார்கள், ரிஹர்சலுக்குப் பியானோ வாசிக்க ஆள் தேவைப்படும். ஒரு கோடை விடுமுறையில் அப்படி ஒன்றில் உட்கார். எந்தப் பாட்டில் பிள்ளைகள் மூச்சு வாங்க இடமில்லாமல் திணறுகிறார்கள் என்று அங்கே தெரியும், வகுப்பில் தெரியாது.

இன்னொன்று, நீ கோபப்பட்டாலும் பரவாயில்லை. நீ உன்னை இசையமைப்பாளர் என்கிறாய். எனக்கு நீ எழுதுகிறவளாகத் தெரிகிறாய். டிஷ்ஷில் இசைக்காரராகவா சொல்காரராகவா என்று விண்ணப்பத்திலேயே கேட்பார்கள். உன் நோட்டில் பெரியார் பஸ் ஸ்டாண்டில் ராத்திரி வசூலை எண்ணிக்கொண்டே அம்மாவிடம் போனில் பேசுகிற பெண் கண்டக்டர் இருக்கிறாளே, சில்லறை எண்ணிக்கையும் பேச்சும் ஒன்றோடொன்று கலந்து போகிற அந்த இடம், அதை எழுத எல்லோராலும் முடியாது. மெட்டு சுமார்தான். அதற்கு ஒரு நல்ல இசைக்காரியைத் தேடு. க்ரோனுக்கு டெசோரி மாதிரி.

அம்மா, உங்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அன்று நீங்கள் ஆட்டோ பிடிக்க இறங்கிய பிறகு அவள் அந்தப் பாட்டை எனக்குப் பாடிக் காட்டினாள். கடைசி வரி "என்னை விடு". மெட்டில் 'வி' மேல் ஒரு நீண்ட சுரம் விழுகிறது. குறில் நெடிலாகி, எனக்கு "என்னை வீடு" என்று கேட்டது. தமிழில் பாட்டு எழுதுகிறவர்கள் முதலில் தடுக்கி விழுகிற இடம் இதுதான், மாற்று என்றேன். முகம் சுண்டிப் போய்க் கிளம்பினாள்.

ராத்திரி பதினொன்றரைக்கு ஒரு வாய்ஸ் மெசேஜ் அனுப்பியிருந்தாள். மெட்டை மாற்றவில்லை. அந்தக் கண்டக்டர் பெண் "விடு" என்று பாடுகிறாள், போனின் அந்தப் பக்கம் அம்மாவுக்கு "வீடு" என்று கேட்கிறது. "எப்பம்மா வர்றே?" என்று அம்மா கேட்கிறாள், இவள் சில்லறையை எண்ணத் தொடங்குகிறாள். அவ்வளவுதான் பாட்டு.

அடுத்த மாதம் இரண்டாவது சனிக்கிழமை வாருங்கள். கீபோர்டையும் எடுத்துவரச் சொல்லுங்கள், பக்கத்து அறை காலியாகத்தான் இருக்கும். அந்த அம்மாவின் வரியைப் பாட இன்னொரு குரல் வேண்டுமாம். உங்களைக் கேட்கத் தயங்குகிறாள்.